ஒரே ஆணியில் இரண்டு நாள்காட்டிகள்

இங்கே வெளியான, காலத்தின் இழைகள் பிரிந்து உலகம் குலையும் கதை அருமை. ஆனால் 2023இல் கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில் உள்ள நம் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் நிஜமாகவே ஒரு நாள் காணாமல் போனது, நாள்காட்டிகளே சாட்சி என்று மேலே கருத்துகளில் ஒருவர் எழுதியிருப்பது தவறு.

எங்கள் அடுப்படிச் சுவரில் ஒரே ஆணியில் தமிழ், மலையாள நாள்காட்டிகள் தொங்குகின்றன. அந்த ஆண்டு சித்திரை 1 ஏப்ரல் 14; மலையாளத்தில் அதற்கு இணையான மேட மாதம் 1 ஏப்ரல் 15. சூரியன் மேஷ ராசிக்குள் நுழைந்தது பிற்பகலில். மறைவதற்குள் நுழைந்தால் தமிழ் முறையில் அன்றே மாதப் பிறப்பு. மலையாள முறையிலோ பகலில் ஐந்தில் மூன்று பங்கு, அதாவது சுமார் 1.12 மணி, கடந்துவிட்டால் மறுநாள்தான். அவ்வளவுதான் விஷயம். பாட்டி முதல் நாள் புத்தாண்டுப் பாயசம் காய்ச்சினார், மறுநாள் விடியலில் விஷுக்கணி (மேடம் பிறக்கும் விஷு நாளில் முதலில் காணும் மங்கலப் பொருள்கள்) வைத்தார். எந்த நாளும் தொலையவில்லை. பிள்ளைகளும் படிக்கிறார்கள், அந்த வரியை நீக்கிவிடுங்கள் ஐயா.