'நான் யார்?' ஜபம் இல்லை

பின்னணியில் புல்லாங்குழல் ஓட, மூச்சோடு சேர்த்து "நான் யார், நான் யார்" என்று சொல்லச் சொல்லித் தருகிறார்கள். ஆத்ம விசாரமாம், அதாவது 'நான்' என்பது எது என்று தன்னையே ஆராய்வது. திருவண்ணாமலை ரமண மகரிஷி சொன்னது இது இல்லை.

1902-ல் அந்த ஊர் மலையின் விருபாட்ச குகையில் சிவப்பிரகாசம் பிள்ளை என்ற அன்பர் கேட்டவற்றுக்கு அவர் சைகையாலும் எழுத்தாலும் சொன்ன பதில்கள்தான் பின்னால் 'நான் யார்?' என்ற சின்னப் புத்தகமாயின. அதன் தொடக்கத்தில் "உடம்பு நானல்ல, புலன்கள் நானல்ல" என்று நீளும் பட்டியல், பிள்ளை தாமறிந்த வேதாந்தத்திலிருந்து சேர்த்தது. அதை மனப்பாடம் பண்ணி ஒவ்வொன்றாகக் கழிப்பதில் பலன் குறைவு. எல்லாம் கழிந்தாலும், கழிக்கிற ஆள் மட்டும் பத்திரமாக உட்கார்ந்திருப்பான். விசாரிக்க வேண்டியது அவனைத்தான்.

செய்முறை இவ்வளவுதான். கண்ணை மூடியதும் "கரண்ட் பில் கட்டலையே" என்று நினைப்பு வருகிறது. கடைசித் தேதி என்றைக்கு, அபராதம் எவ்வளவு என்று அதன் வாலைப் பிடித்துப் போகாதீர்கள். இது யாருக்குத் தோன்றியது? எனக்கு. அந்த 'நான்' யார்?

இங்கே வாயையும் மனசையும் மூட வேண்டும். பெரும்பாலோர் சறுக்கும் இடம் இதுதான். படித்தவர்கள் "நான் பிரம்மம்" என்று உடனே விடை எழுதிவிடுவார்கள். அதுவும் ஒரு நினைப்பு, கரண்ட் பில்லும் அதுவும் ஒரே ரகம். நினைப்பின் மேலிருக்கும் கவனத்தை நினைக்கிறவன் பக்கம் திருப்புவதோடு கேள்வியின் வேலை முடிந்தது. 'இருக்கிறேன்' என்ற உணர்வில் கவனம் இரண்டு நொடி நிற்கும், நழுவும். நழுவியது தெரிந்ததும் மறுபடி திருப்புங்கள். நூறு தடவை என்றால் நூறு தடவை. பிணம் சுடும் தடி கடைசியில் தானும் எரிவதுபோல இந்தக் கேள்வியும் அழியும் என்றார் ரமணர். காலமெல்லாம் உருப்போட அவர் அதைத் தரவில்லை.

இன்னொரு பள்ளம் மனோலயம், அதாவது மனசு அழியாமல் கொஞ்ச நேரம் அமுங்கிக் கிடப்பது. மூச்சு அடங்கி, நேரம் போனதே தெரியாமல் சுகமாக இருக்கும். "சமாதி கிட்டிவிட்டது" என்று பதிவு போடத் தோன்றும். கங்கைக்கரை யோகி ஒருவர் சீடனிடம் தண்ணீர் கேட்டுவிட்டு லயத்தில் மூழ்கி, யுகம்போலக் காலம் கழிந்து விழித்ததும் முதலில் கேட்டது "தண்ணீர் எங்கே?" என்பதுதானாம். ரமணர் சொல்லும் கதை. அமுங்கிய நினைப்பு சாகவில்லை, விட்ட இடத்திலேயே காத்திருந்தது. அதனால்தான் மூச்சை அடக்குவது மனசை அடக்க உதவுமே தவிர, அழிக்காது என்றார்.

எழுந்த பிறகு பாருங்கள்: அமைதிக்குள் 'இருக்கிறேன்' என்ற தெளிவு இருந்ததா, வெறும் மந்தமா? மந்தம் என்றால் முகம் கழுவி, நாலு தப்படி நடந்துவிட்டு மறுபடி உட்காருங்கள்.