நேத்ரா குமணனும் நம் வீட்டுப் பெண் பிள்ளைகளும்

சென்னையில் பிறந்த ஒரு தமிழ்ப் பெண் இரண்டு ஒலிம்பிக்கில் பாய்மரப் படகு ஓட்டியிருக்கிறார். அவர் பெயரைச் சொன்னால் இங்கே சிங்கப்பூரில் பல தமிழ் வீடுகளில் "யாரு அது?" என்றுதான் கேட்கிறார்கள். சுற்றிலும் கடல் உள்ள ஊரில் இருந்துகொண்டு நமக்கு நேத்ரா குமணனைத் தெரியவில்லை என்பது எனக்கு உண்மையாகவே வருத்தமாக இருக்கிறது.

நேத்ரா 1997இல் பிறந்தவர். பரதநாட்டியம், டென்னிஸ் என்று எல்லாப் பிள்ளைகளையும் போல வகுப்பு வகுப்பாகப் போய்க்கொண்டிருந்தவர், 12 வயதில் ஒரு கோடைக்கால முகாமில் படகு ஏறினார். பிடித்துப்போய்விட்டது. 17 வயதில் இஞ்சியோன் ஆசிய விளையாட்டுப் போட்டி. பிறகு பொறியியல் படிப்பு ஒரு பக்கம், கடல் ஒரு பக்கம். 2020 தொடக்கத்தில் மியாமியில் நடந்த உலகக் கிண்ணப் போட்டியில் வெண்கலம் வாங்கினார். பாய்மரப் படகோட்ட உலகக் கிண்ணத்தில் பதக்கம் வென்ற முதல் இந்தியப் பெண் அவர்தான். 2021 ஏப்ரலில் ஓமானில் நடந்த தகுதிச் சுற்றில் தோக்கியோவுக்கு இடம் பிடித்தார். அதற்கு முன் இந்தப் போட்டிக்காக ஒலிம்பிக் போன இந்தியர்கள் அத்தனை பேரும் ஆண்கள்.

தோக்கியோவில் 44 பேரில் 35ஆவது இடம். "அவ்வளவுதானா?" என்று கேட்பவர்களிடம் எனக்குக் கோபம்தான் வரும். மூன்று வருடம் கழித்து, பாரிஸ் ஒலிம்பிக்கின் படகுப் போட்டிகள் மார்செய் கடலில் நடந்தபோது அவர் 21ஆவது. அதிலும், பல பந்தயங்கள் சேர்ந்த அந்தப் போட்டியின் முதல் பந்தயத்தில் ஆறாவதாக வந்தார்! தங்கம் வென்ற நெதர்லாந்தின் மாரிட் பௌமீஸ்டருக்கு அது தொடர்ந்து நான்காவது ஒலிம்பிக் பதக்கம். அப்படிப்பட்டவர்கள் புறப்படும் அதே கோட்டிலிருந்து புறப்பட்டு ஆறாவதாக வருவது சாதாரணமா? பதக்கப் பட்டியலை மட்டும் பார்த்தால் இதெல்லாம் கண்ணுக்கே படாது.

அவர் ஓட்டும் படகைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். ஐஎல்சிஏ 6 என்பார்கள். நாலு மீட்டருக்குச் சற்று அதிக நீளம், ஒரே ஒரு பாய், ஒரே ஒரு ஆள். ஒரு கையில் சுக்கான் பிடி, இன்னொரு கையில் பாயின் கயிறு. காற்று ஏறினால் படகு ஒரு பக்கம் சாயும். அதை நிமிர்த்த, படகின் நடுவில் உள்ள பட்டையில் பாதங்களைக் கொக்கிபோல் மாட்டிக்கொண்டு, முழு உடம்பையும் வெளியே சாய்த்துத் தண்ணீருக்கு மேல் தொங்க வேண்டும். தொடை எரியும். உப்புத் தண்ணீர் முகத்தில் அடித்துக்கொண்டே இருக்கும். அந்த நிலையில், தூரத்தில் தண்ணீர் கறுத்துச் சிலிர்த்து வருகிறதா என்று பார்த்து, அடுத்த காற்று எங்கிருந்து வரும் என்று கணக்குப் போட வேண்டும். பலமான காற்றில் எடை இல்லாத உடம்பு திணறிப் போகும். சாப்பிட வேண்டும், எடை தூக்க வேண்டும், தசை ஏற்ற வேண்டும்.

நம் பெண் பிள்ளைகளிடம் நாம் சொல்வதோ நேர் எதிர். வெயிலில் நிற்காதே, கறுத்துப்போவாய். ரொம்பச் சாப்பிடாதே. தோள் அகலமாகிவிடும். "இப்படி வெயிலில் காயவிட்டால் நாளைக்கு யார் கட்டிக்குவா?" என்று படித்த, நல்ல வேலையில் இருக்கிற ஒரு அக்கா கேட்டதை நானே என் காதால் கேட்டிருக்கிறேன். 2026இலும் இதைச் சொல்லிக்கொண்டிருக்கிறோமே! ஒரு பெண்ணின் தோள் படகை நிமிர்த்தும் தோள் என்று பார்க்க நமக்கு ஏன் தோன்றுவதில்லை?

இத்தனைக்கும் இங்கே வழி இருக்கிறது. ஈஸ்ட் கோஸ்ட் பூங்காவில் தேசியப் பாய்மரப் படகோட்ட நிலையம் இருக்கிறது. சனிக்கிழமை அந்தப் பக்கம் போனால், தொடக்கநிலைப் பிள்ளைகள் குட்டி ஆப்டிமிஸ்ட் படகுகளைத் தள்ளுவண்டியில் வைத்துத் தண்ணீருக்குள் இறக்குவதைப் பார்க்கலாம். தூரத்தில் நங்கூரம் போட்ட கப்பல்கள் வரிசையாக நிற்கும். சில பள்ளிகளில் இது இணைப்பாட நடவடிக்கையாகவே உண்டு. கிம்பர்லி லிம், சிசிலியா லோ இருவரும் 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியில் தங்கம் வென்றார்கள். ஒலிம்பிக் பதக்கச் சுற்றுக்குள் நுழைந்த முதல் சிங்கப்பூர்ப் படகோட்டிகளும் அவர்களே, தோக்கியோவில். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில், காற்றில் பறக்கும் பட்டம் இழுக்கப் பலகையில் விரையும் போட்டியில் நம் மேக்ஸ் மேடர் நம் தேசிய தினத்தன்றே வெண்கலம் வாங்கியபோது நாமும்தான் கைதட்டினோம். ஆனால் அந்தக் கரையில் நம் பிள்ளைகளை நான் அதிகம் பார்த்ததில்லை.

செலவு ஒரு காரணம், மறுக்கவில்லை. போட்டி அளவுக்குப் போனால் படகு, பாய், வெளிநாட்டுப் பயணம் என்று பணம் கரையும். நேத்ராவே பெரிய அலைகளில் பழக ஸ்பெயினின் கிரான் கனேரியா தீவுக்குப் போய்ப் பயிற்சி எடுத்தவர். குடும்பம் பின்னால் நிற்காமல் அது நடந்திருக்காது. ஆனால் எல்லாப் பிள்ளையும் ஒலிம்பிக் போக வேண்டியதில்லையே. டியூஷனுக்குக் கொடுப்பதில் கொஞ்சத்தை ஒரு விடுமுறை முகாமுக்குக் கொடுத்துப் பார்க்கலாம். அப்புறம் அவள் பாடு, காற்றின் பாடு.

நம் அமைப்புகளுக்கும் ஒரு வேண்டுகோள். மகளிர் தின நிகழ்ச்சிக்கு வழக்கமான பட்டிமன்றத்தோடு ஒரு படகோட்டியையும் அழைத்துப் பேச வையுங்கள். மகளைப் படகோட்டத்தில் சேர்த்த பெற்றோர் யாராவது இதைப் படித்தால், எந்த வயதில் சேர்த்தீர்கள், மாதம் எவ்வளவு ஆகிறது, பள்ளிப் படிப்போடு எப்படிச் சமாளிக்கிறீர்கள் என்று கீழே எழுதுங்கள். கேட்டுத் தெரிந்துகொள்ள ஆள் இல்லாமல்தான் பல பேர் தயங்குகிறார்கள்.