வெள்ளைக் கால்சட்டை

நேற்று இரவு ‘ஜகால்’ படத்தை மறுபடியும் பார்த்தேன். ‘தி ஆக்ட் ஆஃப் கில்லிங்’ என்று சொன்னால் பலருக்குத் தெரியும். 2012இல் வந்த ஆவணப்படம். இந்தோனேசியாவின் மேடான் நகரத்து மொட்டைமாடி ஒன்றில் அன்வர் காங்கோ என்ற கிழவர், 1965–66இல் கம்யூனிஸ்டுகள் என்று பிடித்துவந்தவர்களைக் கம்பியால் கழுத்தை இறுக்கிக் கொன்ற விதத்தைச் செய்துகாட்டுகிறார். அடித்துக் கொன்றால் ரத்தம் நாறுமாம். முடித்த கையோடு சா-சா-சா நடனம் ஆடுகிறார். பிறகு அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டியபோது அவரை உறுத்தியது அந்த வெள்ளைக் கால்சட்டைதான்: உல்லாசப் பயணம் கிளம்பியவனைப்போல் இருக்கிறேனே!

தியேட்டர் வாசலில் பிளாக்கில் டிக்கெட் விற்றவர். எல்விஸ் படம் பார்த்த குஷியில் ஆடிக்கொண்டே எதிர்ப்பக்கம் போய்க் கொன்றதாக அவரே சொல்கிறார்.

நம் ஆட்கள் இந்த இடத்தோடு அதிர்ந்துபோய்ப் பதிவு எழுதிவிடுகிறார்கள். இந்தோனேசியப் பார்வையாளரின் மண்டையில் ஏற்கெனவே வேறொரு படம் ஓடிக்கொண்டிருக்கிறது என்பதை மறந்துவிடுகிறோம். 1984இல், அப்போது நாட்டை ஆண்ட ராணுவ ஆட்சியாளர் சுகார்த்தோவின் அரசு எடுத்தது. நாலரை மணி நேரம். ஒவ்வொரு செப்டம்பர் 30 இரவும் அரசுத் தொலைக்காட்சியில் போட்டார்கள். பள்ளிப் பிள்ளைகளைத் திரட்டிக்கொண்டுபோய்க் காட்டினார்கள். 1965இல் கொல்லப்பட்ட ராணுவத் தளபதிகளைக் கம்யூனிஸ்டுகள் சித்திரவதை செய்வதாக அதில் வரும். உடல்களைப் பரிசோதித்த மருத்துவர்களின் அறிக்கையிலோ கண்ணைத் தோண்டியதற்கும் உறுப்பை அறுத்ததற்கும் தடயமே இல்லை. அந்தச் சித்திரவதைக் கதையின் பெயரால் 1965–66இல் கொல்லப்பட்டவர்கள் குறைந்தது 5 லட்சம் பேர்.

ஆகவே, அங்கே பிறந்து அந்தப் படத்தோடு வளர்ந்த ஒருவருக்கு ‘ஜகா’லில் மொட்டைமாடியைவிட முக்கியமான இடம் வேறு என்பேன். தன்னைக் குற்ற உணர்ச்சியிலிருந்து காப்பாற்றுவது அந்த 1984 படம்தான் என்கிறார் அன்வர். கூட்டாளி ஆதி, அலட்டிக்கொள்ளாமல், அது பொய் என்று சொல்லிவிடுகிறார். பாதிக்கப்பட்டவர் சொல்லியிருந்தால் ‘கம்யூனிஸ்ட்’ என்று வாயை அடைத்திருப்பார்கள். கொன்றவனே சொன்னால் யாரை அடைப்பது?

நாடே மனம் மாறிவிட்டது என்று நான் சொல்லவில்லை. ‘ஜகா’லைத் தனித்தனி இடங்களில் கூடித்தான் பார்த்தார்கள். கொல்லப்பட்டவரின் தம்பியைப் பின்தொடரும் அடுத்த படமான ‘சென்யா’ப்பைப் பொதுவில் திரையிட 2014இல் தணிக்கை வாரியம் தடை போட்டது. 2017இல் பழைய படத்தைத் தூசிதட்டி எல்லோரும் பாருங்கள் என்றார் ராணுவத் தளபதி. அப்போதைய அதிபர் ஜோக்கோவியே போகோரில் படைவீரர்களோடு உட்கார்ந்து பார்த்தார்.

‘ஜகால்’ முடிந்ததும் பெயர்ப் பட்டியல் மேலேறியது. இணை இயக்குநர்: அனோனிம், அதாவது பெயரில்லாதவர். அதற்கடுத்தும் அனோனிம். பெயரைப் போட்டால் ஊரில் இருக்க முடியாது என்று பயந்தவர்கள். எண்ண ஆரம்பித்தேன், பாதியில் தொலைந்துவிட்டது.