பழைய படம் புதிதுபோல் பளபளக்க வேண்டுமா?

பழைய படங்கள் 4கே என்னும் மிகத் துல்லியமான டிஜிட்டல் தரத்தில் மறுபடியும் திரைக்கு வரும் இந்நாட்களில், பாலக்காட்டின் கொழிஞ்சாம்பாறை, சித்தூர்ப் பக்கத்தில் தமிழ்ப் படத்தையும் மலையாளப் படத்தையும் ஒன்றுபோலச் சொந்தம் கொண்டாடி வளர்ந்தவன் என்ற உரிமையில் ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். ஒரு படத்தைப் புதிதுபோல் ஆக்குவது வேறு, அது வெளிவந்த நாளில் இருந்தபடி மீட்பது வேறு. இரண்டாவதைத்தான் நாம் கேட்டு வாங்க வேண்டும்.

மலையாள இயக்குநர் அரவிந்தனின் 'தம்பு' (1978) படத்தை எடுத்துக்கொள்வோம். புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இருந்த 35 மி.மீ. பிரதியிலிருந்து எடுக்கப்பட்ட நகல் நெகடிவைக் கொண்டு, சென்னை பிரசாத் நிறுவனத்திலும் இத்தாலியின் பொலோன்யாவிலும் அதைச் சீராக்கினார்கள். 2022இல் கான் திரைப்பட விழாவில் அது திரையிடப்பட்டது. நம் பாரதப்புழைக் கரையில் கூடாரம் போட்ட சர்க்கஸை வாய் பிளந்து பார்க்கும் ஊர் மக்களின் முகங்கள்தான் அந்தப் படத்தின் உயிர். நடிக்கத் தெரியாத அந்த முகங்களின் சுருக்கத்தையும் வியர்வையையும் ஷாஜி என். கருணின் கேமரா பிடித்து வைத்திருக்கிறது. கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் பிம்பமே வெள்ளித் துகள்களால் ஆனது என்பதால், அந்தத் துகள் தன்மையை அழுக்கென்று எண்ணி மென்பொருளால் வழித்தெடுத்தால் சுருக்கங்களும் கூடவே போய், மனிதர்கள் மெழுகுப் பொம்மைகளாகிவிடுவார்கள். நீக்க வேண்டியவை கீறல், தூசி, மினுக்கல், கிழிசல் ஆகியவை மட்டுமே.

திரையரங்கில் நான் பார்த்த ஒரு மறுவெளியீட்டில், அகலத்திரைக்காகச் சட்டகத்தை (ஃப்ரேமை) மேலும் கீழும் நறுக்கி, நடனக் காட்சியில் பாதங்களையே காணாமல் செய்திருந்தார்கள். அதைப் பார்த்து எனக்கு வந்த கோபம் இன்னும் அடங்கவில்லை.

ஜான் ஆபிரகாம் என்ற மலையாளி தமிழில் எடுத்த 'அக்ரஹாரத்தில் கழுதை' (1977) என் மனத்தை விட்டு அகலாத படம். வெங்கட் சாமிநாதன் திரைக்கதை எழுத, ராமச்சந்திர பாபு ஒளிப்பதிவு செய்தார். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும் கிடைத்தது. இணையத்தில் நான் பார்த்த பிரதியிலோ முகங்கள் மங்கிக் கிடந்தன. ஒன்றரை மணி நேரப் படமென்றால் 1,29,600 சட்டகங்கள்; இவற்றை ஒவ்வொன்றாகச் சீராக்கும் செலவை, நட்சத்திரம் இல்லாத படத்துக்காக எந்த வணிகரும் ஏற்கமாட்டார். கேரள அரசும் தமிழக அரசும் சேர்ந்து ஏற்பதே முறை. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்த முதல் மலையாளப் பேசும் படமான 'பாலன்' (1938) இப்படி இரு மாநிலத்துக்கும் பொதுவாக இருந்தும், இன்று பார்ப்பதற்கு ஒரு பிரதியும் நம்மிடம் இல்லை.

அசிடேட் என்ற பிளாஸ்டிக்கால் ஆன பழைய படச்சுருள் வெப்பத்திலும் ஈரத்திலும் சிதையத் தொடங்கினால் அதைத் திருப்ப வழியில்லை. குளிரில் வைத்து வேகத்தைக் குறைக்கலாம், அவ்வளவுதான். ஆகவே இப்பகுதியின் பழைய கொட்டகைக்காரர்களும் விநியோகஸ்தர் குடும்பத்தாரும் வீட்டில் படப்பெட்டி இருந்தால் தயவுசெய்து எடைக்குப் போடாதீர்கள், வெயிலில் காயவைக்காதீர்கள். காடிவாடை (வினிகர் நெடி) சிதைவின் அடையாளம்; அது அடிக்கும் பெட்டியை மற்றவற்றிலிருந்து உடனே விலக்கி வைத்துவிட்டு, புனே காப்பகத்துக்குத் தெரிவியுங்கள்.