கேமராவும் நீங்களே, நடிப்பும் நீங்களே

சின்ன பட்ஜெட் சுயாதீனப் படங்களில் அடிக்கடி காதில் விழும் வசனம் இது: "கேமரா நீங்கதானே பண்றீங்க, அந்த ரோலையும் நீங்களே பண்ணிடுங்களேன்." கேட்பவருக்கு ஓர் ஆள் சம்பளம் மிச்சம். எனக்கு இரண்டு வேலையும் பிடிக்கும், செய்தும் வருகிறேன். ஆனால் இதைச் சாதனை மாதிரி பேசும்போதுதான் எரிச்சல் வருகிறது.

ஒளிப்பதிவாளர் நடிக்க வருவது புதிதல்ல. 'பிளாக் ஃப்ரைடே', 'ஜப் வி மெட்' படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த நட்டிதான் 2014இல் 'சதுரங்க வேட்டை'யின் நாயகன். இளவரசுவும் கேமராவிலிருந்து வந்தவர்தான். ஆனால் ஒரு படத்தில் கேமரா, வேறு படத்தில் நடிப்பு என்பது ஒன்று. ஒரே ஷாட்டில் இரண்டும் என்பது வேறு.

லைட் வைத்து முடித்ததும் ஒளிப்பதிவாளர் வேலை முடிந்தது என்று பலர் நினைக்கிறார்கள். டேக் ஓடும்போது பார்ப்பதுதான் பாதி வேலை. 85 எம்எம் லென்ஸ், அதன் திறப்பு எஃப் 1.8, ஒன்றரை மீட்டர் தூரம் என்றால் ஃபோகஸில் நிற்பது மூன்று சென்டிமீட்டர் சொச்சம். நடிகர் உணர்ச்சிவசப்பட்டு லேசாக முன்னால் சாய்ந்தாலே கண் ஃபோகஸை விட்டுப் போய்விடும். அந்த நடிகரே நான் என்றால் யார் பார்ப்பது? திறப்பைச் சுருக்கி எஃப் 5.6க்கு இறக்கினால் பத்து சென்டிமீட்டர் கிடைக்கும், சரி. ஆனால் அதற்குப் பத்து மடங்கு வெளிச்சம் வேண்டும். சம்பளத்தை மிச்சம் பிடித்த தயாரிப்பாளர் லைட்டுக்குச் செலவழிப்பாரா என்ன!

நடிப்புப் பக்கம் இதைவிட மோசம். எதிரில் இருப்பவர் அழுதுகொண்டே வசனம் பேசுகிறார். நானோ அவர் மூக்கின் நிழல் உதட்டைத் தொடுகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறேன். கன்னத்தில் கீ லைட்டின், அதாவது முகத்துக்கான முக்கிய விளக்கின், சூடு குறைந்தால் உடம்பு தானாகவே அந்தப் பக்கம் திரும்புகிறது. நடிகருக்கு இது நல்ல பழக்கம் என்பார்கள். ஆனால் கதாபாத்திரத்துக்குத் திரும்பக் காரணமே இல்லாத இடத்தில் திரும்பினால் அது பொய்யாகத்தான் தெரியும். அப்புறம் மானிட்டர். கண்ணுக்கு எட்டும் தூரத்தில் அது இருந்தால் பார்வை அங்கே ஓடாமல் இருக்காது.

உடனே 'பிரைமர்' படத்தைச் சொல்வார்கள். ஷேன் கரூத் சுமார் 7,000 டாலரில் எழுதி, இயக்கி, நடித்து, ஒளிப்பதிவும் செய்த படம்; 2004இல் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் ஜூரியின் பெரிய பரிசே வாங்கியது. உண்மைதான். ஆனால் அவர்தான் இயக்குநர். எதை விட்டுக்கொடுக்கலாம் என்று அவரே முடிவு செய்துகொள்ளலாம். என் இயக்குநர் என் கண்ணை நம்பி வேலை கொடுத்தவர். அந்தக் கண்ணை ஃபிரேமுக்குள் கொண்டுபோய் நிறுத்தினால் நஷ்டம் அவருக்குத்தான்.

அதனால் இப்போது ஒப்புக்கொள்ளும் முன்பே பேசிவிடுகிறேன். நான் நடிக்கும் காட்சியில் கேமராவை இயக்க ஆபரேட்டர் தனியாக வேண்டும். ஃபோகஸ் போனால் என்னைக் கேட்காமல் அவரே டேக்கை நிறுத்தலாம். லைட்டிங் பார்க்க என் உயரத்தில் ஒருவர் என் இடத்தில் நிற்க வேண்டும். டைட்டிலில் இரண்டு இடத்தில் என் பெயர் வருவதுபோல் சம்பளமும் இரண்டாக வர வேண்டும். இதைக் கேட்டதும் பாதிப் பேருக்கு அந்த ரோலுக்கு வேறு நடிகர் ஞாபகம் வந்துவிடுகிறது.