பாட்டு இல்லாத படத்திலும் இசை இருக்கிறது

ஞாயிற்றுக்கிழமை நடந்த ஒரு சினிமா விழாவின் வீடியோவைப் பலர் பார்த்திருப்பீர்கள். "நம்ம படத்துல பாட்டே இல்ல, அதனால மியூசிக்குக்குச் செலவே இல்ல" என்று தயாரிப்பாளர் சொன்னார். அரங்கம் கைதட்டியது. அந்தப் படத்துக்கு இசையமைத்த தம்பி மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தான்.

பாட்டு இல்லை என்றால் இசை இல்லை என்று யார் சொன்னது? 2009-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதில் பாடல்களுக்கு அமித் திரிவேதி, பின்னணி இசைக்கு 'பழசிராஜா'வுக்காக இளையராஜா என்று தனித்தனியாகத்தான் கொடுத்தார்கள். அது வேறு வேலை, இது வேறு வேலை.

சின்ன பட்ஜெட் படத்தில் ஆர்.ஆர்., அதாவது பின்னணி இசை சேர்க்கும் வேலை, எப்படி நடக்கிறது தெரியுமா? பேக்கேஜ் என்று ஒரு தொகை பேசுவார்கள். வாசிப்பவர்கள், ஸ்டுடியோ வாடகை, மிக்ஸிங் எல்லாம் அதற்குள்தான். படம் லாக் ஆகிவிட்டது, இனி எடிட்டிங்கில் மாற்றம் இல்லை என்று அனுப்புவார்கள். அப்புறம் ஒரு காட்சியில் பத்து விநாடி வெட்டுவார்கள், மொத்த இசையும் இடம் மாறிவிடும். நான் செய்த ஒரு படத்தில், பேருந்து நிலையத்தில் ஓர் அம்மா மகனுக்காகக் காத்திருப்பார். பேருந்துச் சத்தத்துக்கு அடியில் ஒரே ஒரு புல்லாங்குழல் சுரம். அவர் எழுந்து நடக்கும்போது அதை நிறுத்தினேன். அப்படி நிறுத்துவதும் இசைதான். அந்த இடத்தைக் கண்டுபிடிக்க இரவு முழுக்க உட்கார்ந்தேன்.

"இஷ்டப்பட்டுத்தானே வந்தீர்கள்" என்பார்கள். ஆமாம், இஷ்டப்பட்டுத்தான் வந்தேன். கேமராமேனும் இஷ்டப்பட்டுத்தான் வந்தார். அவருக்குச் சம்பளம் பேசும்போது யாரும் இதைச் சொல்வதில்லை. "தயாரிப்பாளரிடம் பணம் இல்லை" என்பதும் உண்மைதான், ஒத்துக்கொள்கிறேன். பணம் இல்லாதது வேறு, வேலையே இல்லை என்று மேடையேறிச் சொல்வது வேறு.

சீரியலில் இன்னும் மோசம். சோகம், சண்டை, சந்தோஷம் என்று துண்டு துண்டாகப் போட்டுக் கொடுத்துவிட வேண்டும், எடிட்டர் அதையே வருடக்கணக்கில் ஒட்டிக்கொண்டிருப்பார். 2012-இல் காப்புரிமைச் சட்டத்தைத் திருத்திய பிறகு, தியேட்டருக்கு வெளியே நம் இசை ஒலித்தால் ராயல்டியில் நமக்குப் பங்கு உண்டு. அதை எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. ஆனாலும் 'எல்லா உரிமையும் தயாரிப்பாளருக்கே' என்று ஒரு தாளை நீட்டுகிறார்கள். இருபத்திரண்டு வயதுப் பையன் என்ன செய்வான்? வாய்ப்புப் போய்விடும் என்று பயந்து கையெழுத்துப் போடுகிறான்.

இதையெல்லாம் நான் பேசுவதைப் பார்த்து, "உனக்குப் பொறாமை" என்று நேற்று ஒருவர் எழுதியிருக்கிறார். யார்மேல் பொறாமை? அந்தப் பேருந்து நிலையக் காட்சிக்கு வாசித்த பெரியவருக்கு என் கையிலிருந்துதான் கொடுத்தேன். அவர் பெயரையாவது டைட்டிலில் போடுங்கள் என்று கேட்டேன். சரி என்றார்கள், போடவில்லை. படம் பார்த்துவிட்டு அவர் எனக்கு போன் செய்து, "பரவாயில்ல தம்பி" என்றார். எனக்குப் பரவாயில்லை என்று விட முடியவில்லை. இனிமேல் வாசிப்பவர்கள் பெயரை ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கப் போகிறேன். கோபித்துக்கொள்பவர்கள் கோபித்துக்கொள்ளட்டும்.