ஒப்பந்தத் தொழிலாளரும் உள்ளகக் குழுவில் புகார் தரலாம்

கடலூர் சிப்காட் கம்பெனிகளில் பாலியல் தொல்லை பற்றி நிரந்தர ஊழியர்கள் மட்டுமே உள்ளகக் குழுவில் (இத்தகைய புகார்களை விசாரிக்கக் கம்பெனிக்குள்ளேயே அமைக்கும் குழு) புகார் தர முடியும், கான்ட்ராக்ட் பெண்கள் கான்ட்ராக்டரிடம்தான் போக வேண்டும் என்று ஒரு பதிவு சொல்கிறது. அது சரியல்ல, நண்பரே.

பணியிடத்தில் பெண்கள் மீதான பாலியல் தொல்லையைத் தடுக்கும் 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் பிரிவு 2(எஃப்), 'ஊழியர்' என்பதற்குள் தினக்கூலி, தற்காலிகம், பயிற்சி பெறுபவர், அப்ரண்டிஸ், ஒப்பந்தத் தொழிலாளர் எல்லோரையும் சேர்க்கிறது. கான்ட்ராக்டர் வழியாக வந்தவர், சம்பளமில்லாமல் வேலை செய்பவர், முதன்மை முதலாளிக்கே (வேலை நடக்கும் கம்பெனிக்கே) தெரியாமல் அமர்த்தப்பட்டவரும் அதில் அடக்கம். பிரிவு 2(ஏ) இன்னும் ஒரு படி மேலே போகிறது: பாதிக்கப்பட்ட பெண் அங்கே வேலையில் இருந்தாக வேண்டும் என்றுகூட இல்லை.

இதை அழுத்திச் சொல்லக் காரணம், கால வரம்பு. சம்பவம் நடந்த 3 மாதத்துக்குள் எழுத்துப்பூர்வமாகப் புகார் தர வேண்டும். தொடர் சம்பவமென்றால் கடைசியாக நடந்த நாளிலிருந்து கணக்கு. தக்க காரணம் இருந்தால் குழு மேலும் 3 மாதம் வரை நீட்டிக்கலாம். கான்ட்ராக்டரிடம் அலைவதிலேயே அந்த நாட்கள் கரைந்துவிடும். புகாரை 6 பிரதிகளாக, ஆதாரங்கள், சாட்சிகளின் பெயர், முகவரியோடு கொடுங்கள்.

சரிபார்க்க விரும்புவோர் 'இந்தியா கோட்' அரசுத் தளத்தில் 2013-இன் 14-ஆம் சட்டத்தைத் திறந்து பிரிவு 2-ஐயும் 9-ஐயும் படியுங்கள். குழு உறுப்பினர் விவரத்தைப் பார்வையில் படும் இடத்தில் ஒட்ட வேண்டியது கம்பெனியின் கடமை (பிரிவு 19). 10 பேருக்குக் குறைவான இடமென்றால், அல்லது புகாரே முதலாளி மீது என்றால், மாவட்ட உள்ளூர்க் குழுவுக்குப் போகலாம். மாவட்ட சமூக நல அலுவலகத்தில் கேட்டுப் பாருங்கள்.